நாலு நிறப் பந்தி

“நம்ம சொந்தபந்தத்துச் சண்டை மொத்தத்தையும் நாலே கலருக்குள்ள அடக்கிருவேன். அஞ்சாவது கலர் தேவைப்பட்டா என் டாக்டர் பட்டத்தைத் திருப்பிக் குடுத்துர்றேன்!”

தேனி பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில், கையில் உளுந்த வடையோடு முனைவர் ஈஸ்வரபாண்டி செய்த பிரகடனம் இது. கல்லூரியில் கணிதம் கற்பிப்பவர். புள்ளி வைத்து, கோடு இழுத்து, கோடு சேர்க்கும் இரண்டு புள்ளிகளுக்கு ஒரே நிறம் வந்துவிடாமல் வர்ணம் தீட்டும் ஆராய்ச்சியில் பாதி வாலிபத்தைக் கரைத்தவர். பக்கத்துப் பக்கத்து நாடுகள் ஒரே நிறமாகாமல் தேசப்படம் தீட்ட நான்கு நிறம் போதும் என்பது உலகம் ஒப்புக்கொண்ட தேற்றம். உறவினர் சண்டைக்கும் நான்கே போதும் என்பது முனைவரின் சொந்தத் துணிச்சல்.

அந்தத் துணிச்சலை நம்பித்தான் தங்கை ஜோதிலட்சுமி, கெங்குவார்பட்டியில் மகளுக்குக் காதுகுத்து வைத்தாள். வீடு பால்காய்ச்சிய அன்று எதிரெதிரே உட்கார்ந்துவிட்ட பங்காளிகள் பாதிச் சோற்றில் எழுந்து போனதை அவள் மாமியார் இன்றுவரை சொல்லிக்காட்டுகிறார்.

“யாரும் எலைய விட்டு எந்திரிக்காமச் சாப்பிட்டுப் போகணும்ணே. அது போதும் எனக்கு.”

“கவலைப்படாத ஆத்தா. இது கணக்கு.”

ஆளுக்கொரு புள்ளி. பேச்சுவார்த்தை இல்லாதவர்களுக்கு நடுவே ஒரு கோடு. நிறத்துக்கு ஒரு பந்தி, ஆளுக்கு அந்த நிறத்தில் ஒரு சீட்டு. சிவப்பு, பச்சை, நீலம், மஞ்சள் என நான்கே நிறத்தில் கணக்கு கச்சிதமாக முடிந்தது. ஆனால் விவரம் சேகரிக்கப் போன வீடுகளில் முனைவர் சண்டையின் காரணத்தையும் விசாரித்து, தீர்ப்பும் வழங்கியிருந்தார். “வரப்புத் தென்னை விசயத்துல தப்பு உங்க மேலதான் மாமா” என்று சின்னச்சாமி மாமாவிடம் முகத்துக்கு நேராகவே சொன்னார். ஆராய்ச்சியாளர் உண்மையை மறைக்கலாமா? தனக்கென ஒரு புள்ளி வைக்கத்தான் மறந்துபோனார்.

காதுகுத்து அன்று முதலில் சிவப்புப் பந்தி. ஈஸ்வரபாண்டி இலைமுன் உட்கார்ந்ததும் சின்னச்சாமி மாமா சோற்றில் வைத்த கையை எடுத்துவிட்டார்.

“நீதிபதி உக்காந்திருக்காக. குத்தவாளிக்கு என்னத்துக்குய்யா கறிச்சோறு?”

முனைவர் சட்டென்று எழுந்து குழம்பு வாளியைப் பிடுங்கிக்கொண்டார். “நான் பரிமாற வந்தவன் மாமா.”

“அப்பச் சரி. நல்லியாப் பாத்து அள்ளிப் போடுங்க மாப்ள.”

பச்சையில் பெரியப்பா சுருளிராஜன் முகத்தைத் திருப்பினார். நீலத்தில் சின்னம்மா முருகம்மாள், மஞ்சளில் சகலை வீரபாண்டி. ஒவ்வொரு நிறத்திலும் அவரிடம் தீர்ப்பு வாங்கிய ஒருவர் இருந்தார். வாளி கைமாறவே இல்லை.

ஓர் இலைகூடப் பாதியில் மூடப்படவில்லை. மாமியாரே வாய்திறந்து, “ஒங்கண்ணன் கெட்டிக்காரருதான் ஜோதி. அத்தன பேரும் நெறஞ்சு சாப்பிட்டுப் போனாக” என்றார். ஜோதிலட்சுமி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அண்ணனைத் தேடிப் போனாள்.

பந்தலின் கோடியில் சமையல்காரர்களுக்கு இலை போட்டிருந்தார்கள். அந்த வரிசைக் கடைசியில் முனைவர் உட்கார்ந்திருந்தார். அவருக்கென்று ஒளித்து வைத்திருந்த ஈரல் வறுவல் முழுவதையும் தங்கை அவர் இலையில் கவிழ்த்தாள்.

“எல்லாருக்கும் நாலு கலர்ல சீட்டுக் குடுத்தியே, நீ எந்தக் கலருண்ணே?”

ஈஸ்வரபாண்டி சட்டைப்பையிலிருந்து ஒரு வெள்ளைத் தாளை எடுத்து, சீட்டளவு கிழித்து, முன்னால் ‘முனைவர்’ போடாமல் தன் பெயரை எழுதி இலையோரம் வைத்துவிட்டு, சோற்றைப் பிசையத் தொடங்கினார்.