பகலில் ஊசி, சாயங்காலம் ஆட்டம்

ஊசியோடு வந்தால் ஓடுகிற ஆண்கள், அதே நர்ஸ் மேடையில் ஆடினால் முன்வரிசையில் இடம் பிடிக்க ஓடி வருவார்கள். இரட்டை வேலை பார்க்கும் சகோதரிகளே, உங்களுக்குச் சொன்னால்தான் இது புரியும். நானும் ஸ்டெல்லா அக்காவும் ஒரகடம் பக்கம் ஒரு தொழிற்சாலை மருத்துவ அறையில் நர்ஸுகள். லீவு நாட்களில் திருவிழா ஆடல் பாடல் குழுவில் குட்டைப் பாவாடைக்காரிகள். கம்பெனிக்குத் தெரிந்தால் சீட்டு கிழிந்துவிடும். அதுவும் நாகர்கோவிலிலிருந்து பிழைக்க வந்த அக்காவுக்கு வேலை நிரந்தரமாகிற நேரம்.

மினுங்கும் தூசு

ஒரு திங்கட்கிழமை கண்ணிமை ஜிகினாவைத் துடைக்க மறந்து டியூட்டிக்கு வந்துவிட்டேன். மாஸ்க் இருக்கிற தைரியம். மாஸ்க் கண்ணை மறைக்குமா? பிரஷர் பார்க்க வந்தவர் என் முகத்தையே பார்த்தார். "தூசுண்ணே" என்று சமாளித்தேன்.

"பத்து வருசமா பெயிண்ட் ஷாப்ல கீறேன் சிஸ்டர், என் மேல ஒரு நாள்கூட இவ்ளோ ஷோக்கா தூசு வுழுந்ததில்ல" என்றார்.

ஸ்பிரிட் பஞ்சு

பாட்டே தொடங்கிவிட்டாலும் சரி, ஒவ்வொரு ஊக்கையும் ஸ்பிரிட் பஞ்சால் துடைத்த பிறகுதான் ஸ்டெல்லா அக்கா எங்கள் ஜாக்கெட்டில் குத்துவாள். குழுத் தலைவர் தலையில் அடித்துக்கொள்வார்: "ஏம்மா, ஆட வந்துகிறீங்களா, ஆபரேசன் பண்ண வந்துகிறீங்களா?"

பென்னலூர் மேடை

பென்னலூர் திருவிழாவில் இரண்டாவது பாட்டின்போதே முன்வரிசையில் ஒருவர் வலிப்பு வந்து விழுந்தார். ஆளாளுக்குச் சாவிக்கொத்தை அவர் கையில் திணித்தார்கள். அந்தக் கும்பலில் எங்கள் கம்பெனி லைன் சூப்பர்வைசர் நிற்பதை நானும் பார்த்தேன், அக்காவும் பார்த்தாள். நான் திரைக்குப் பின்னால் ஒளிந்தேன். அக்கா அந்தக் குட்டைப் பாவாடையோடு மேடையிலிருந்து குதித்தாள்.

"சாவியத் தூரப் போடுங்க! தள்ளி நில்லுங்க, காத்து வரட்டும்!"

ஆளை ஒருக்களித்துப் படுக்கவைத்து, அவர் கண் திறக்கும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. அப்படி ஒரு பெருமை.

மறுநாள் சூப்பர்வைசர் மருத்துவ அறைக்கே வந்துவிட்டார். அக்கா எழுந்து நின்றாள். "வேலைய விட்டு எடுத்துருவியளா சார்?"

அவர் கதவைச் சாத்திவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "நீங்க வேற சிஸ்டர், நேத்து எனக்கு ஓ.டி.ன்னு வூட்ல சொல்லிகிறேன். நீங்க என்னைப் பாக்கல, நான் உங்களைப் பாக்கல."

ஆக, ஊரே பார்த்த ஆட்டத்துக்கு இன்றுவரை ஒரு சாட்சிகூட இல்லை, ஸ்டெல்லா அக்காவின் வேலை மட்டும் நிரந்தரம்.