தவிட்டுக்கு வித்த குதிரைக்குட்டி

ஜவுளிக்கடை வச்சவன் நாக்குக்கு ஓய்வே கிடையாது. யாரு முன்னால வந்து நின்னாலும் ‘என்ன எடுக்கீய?’ன்னு கேட்டுரும். கடை வச்சு நொந்தவங்களுக்கு இதை நான் விளக்க வேண்டாம். அந்த நாக்கு என்னை எங்கன கொண்டுபோய் விட்டுதுன்னு மட்டும் சொல்லுதேன், கேளுங்க.

தூதர் அண்ணாச்சி

தென்காசியில கடை நல்லா ஓடிக்கிட்டிருந்தப்போ, ஒரு குட்டித் தீவு நாட்டுக்குப் பள்ளிக்கூடச் சீருடைத் துணி அனுப்பிக்கிட்டிருந்தேன். என் வாய்ச் சாமர்த்தியத்தைப் பார்த்து அவங்க என்னையக் கௌரவத் தூதர் ஆக்கிட்டாங்க. சம்பளம் கிடையாது; காருக்கு ஒரு கொடி, வாசலுக்கு ஒரு போர்டு. கல்லாவை மச்சினன்கிட்ட விட்டுட்டு, கோட்டு மாட்டிக்கிட்டுத் திரிஞ்சேன். அந்த நாட்டு விழாவுக்குப் போன இடத்துல குதிரைப் பந்தயம் பார்த்தேன். அவ்வளவுதான், பைத்தியம் பிடிச்சுட்டு. குற்றாலம் மலையடிவாரத்துல ஒரு தோப்பை வாங்கி, பந்தயக் குதிரை வளர்க்க ஆரம்பிச்சுட்டேன்.

பாவூர்சத்திரத்துல இருந்து பழைய வாடிக்கைக்காரம்மா ஒருத்தி தோப்புக்கே தேடி வந்தா. தூதர் போர்டை மேலயும் கீழயும் பார்த்தா. “அதெல்லாம் இருக்கட்டும் அண்ணாச்சி, இங்கன ஜாக்கெட் பிட்டு கிடைக்குமா, கிடைக்காதா?”

கேட்டைப் பார்த்த குட்டிகள்

சிரிப்பெல்லாம் அதோட சரி. எங்க ராணிங்கிற பெண்குதிரை போட்ட முதல் குட்டி நல்லாத்தான் எந்திரிச்சு நின்னுது. பால் குடிச்சுது. அப்புறம் காதை விறைச்சுக்கிட்டு வாசல் கேட்டையே பார்த்துது. அங்கன யாரும் இல்ல. யாரோ கூப்பிட்ட மாதிரி கேட்டுக்கு ஓடிப்போய், விழுந்து செத்துப்போச்சு. அடுத்த வருசம் ரெண்டாவது குட்டியும் அதே மாதிரி, அதே இடத்துல.

எங்களுக்குப் பிள்ளை குட்டி கிடையாது. என் பொஞ்சாதி சண்முகத்தாய் ரெண்டு குட்டியையும் மடியில போட்டுக்கிட்டு அழுதா. மூணாவது தடவை அந்த அழுகையைப் பார்க்க எனக்குத் தெம்பு இல்ல. குதிரை டாக்டர் அறுத்துப் பார்த்துட்டுக் கையைக் கழுவினாரு. “உள்ள ஒரு குறையும் இல்ல சார். ரெண்டும் எதையோ பார்த்து ஓடியிருக்கு.”

கைப்பிடி தவிடு

மூணாவது குட்டி பிறந்த அன்னைக்கு நல்ல சாரல். சண்முகத்தாய் ஒரே பிடிவாதம். பிள்ளை தங்காத வீட்டுல, பிறந்ததை யாருக்காவது ஒரு பிடி தவிட்டுக்கு வித்துட்டு, உடனே அந்தத் தவிட்டைக் கொடுத்துத் திரும்ப வாங்கிருவாங்க. ‘இது இந்த வீட்டுப் பிள்ளை இல்ல’ன்னு எமன் ஏமாந்து போயிருவானாம். கோட்டு போட்ட தூதர் தவிட்டுக்குக் குட்டி விக்கணுமாம்! தலையில அடிச்சுக்கிட்டு, ஆள் கிடைக்குமான்னு பார்க்கக் கேட்டுக்குப் போனேன்.

ஒரு பொம்பளை நின்னுக்கிட்டிருந்தா. மரமெல்லாம் சொட்டுது, அவ சேலையில ஒரு பொட்டு ஈரம் இல்ல. என் பாழாப்போன நாக்கு, ‘என்னம்மா எடுக்கீய?’ன்னு கேட்டுட்டுது. ‘குட்டி’ன்னா. முந்தியை அவுத்து என் ரெண்டு கையிலயும் தவிட்டைக் கொட்டுனா. ‘சந்தோஷம்மா, போயிட்டு வாங்க’ன்னு கடையில சொல்லுத மாதிரியே சொல்லி வழியனுப்பிட்டு, வித்த மிதப்புல உள்ள வந்தேன். சண்முகத்தாய் என் கையைப் பார்த்தா. தவிடு அப்படியே இருந்துது. “வித்தீய, சரி. திரும்ப வாங்குனீயளா?”

காவக்காரர் சாட்சி

அடிச்சுப் பிடிச்சு ஓடினேன். ரோட்டுல ரெண்டு பக்கமும் ஆள் இல்ல. எங்க காவக்காரர் மாடசாமி, பட்டாளத்துல இருந்துட்டு வந்தவரு, எதுக்கும் லேசுல அசர மாட்டாரு. குடையோட கேட்டுப் பக்கத்துலதான் நின்னாரு. ‘இப்பப் போன பொம்பளை எந்தப் பக்கம் போனா?’ன்னேன். என்னைய ஏற இறங்கப் பார்த்தாரு. “எந்தப் பொம்பளை அண்ணாச்சி? நீங்கதான கையை நீட்டிக்கிட்டுத் தனியாப் பேசிக்கிட்டு நின்னீய.”

பேரம்

குட்டி பிழைச்சுது. பிழைச்சதோட விட்டுதா, சண்முகத்தாய் முந்தியைப் பிடிச்சு இழுத்துக்கிட்டே திரியும். அவ சிரிக்கதைப் பார்த்து எனக்கும் பயம் விட்டுப்போச்சு. அது வளர்ந்து, பந்தயத்துக்கு ஓட்டிப் பழக்க ஆள் வந்து இறங்கின காலையில, கேட்டுல தவிடு கொடுத்த அந்தப் பொம்பளை நின்னா. அதே சேலை. மழை பெஞ்சுக்கிட்டுதான் இருந்துது. குதிரை காதை விறைச்சுது. கயித்தைக் கையில ரெண்டு சுத்துச் சுத்தி இழுத்துப் பிடிச்சேன்.

‘தாயி, தவிடு மூட்டை மூட்டையாத் தாரேன், இதை விட்டுருங்க’ன்னு கெஞ்சினேன். கடைப் பேச்சும் பேசினேன், தூதர் பேச்சும் பேசினேன். அவ ஒண்ணுக்கும் மசியல. கோவப்படவும் இல்ல. பெத்தவ பார்க்க மாதிரி குதிரையையே பார்த்துக்கிட்டு நின்னா. “உங்க வீட்டம்மாகிட்டயே இருக்கட்டும் அண்ணாச்சி. ஓட மட்டும் விட்டுராதீய. ஓடுனா எங்கிட்டதான் ஓடிவரும்.”

பழக்க வந்தவருக்கு ஒரு டீயை வாங்கிக் கொடுத்து அனுப்பினதுல இருந்து, பந்தய வம்சத்துல பிறந்த குதிரையைத் தினமும் கயித்தைப் பிடிச்சு மெதுவா நடக்கப் பழக்குறதுதான், ஜவுளியும் பார்த்துத் தூதரகமும் பார்த்த இந்த முதலாளியோட முழுநேர உத்தியோகம்.