சிந்தாமணியின் கட்டைக் குரல்

பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருந்த எஸ்.டி.டி. பூத்தில் சிந்தாமணி வேலை பார்த்தபோது, போனில் பேசிய எல்லோருக்கும் அவள் தம்பிதான். "தம்பி, வேப்பந்தட்டை அங்கமுத்து அங்க நிப்பாரு, கூப்பிடுங்க." ஆரம்பத்தில், "நான் பொம்பளைங்க" என்று சொல்லிப் பார்த்தாள். "வெளாடாத தம்பி" என்று பதில் வரும்.

பள்ளிக்கூடத்தில் பிரேயர் பாட்டு வரிசையிலிருந்து டீச்சர் அவளை வெளியே இழுத்து நிறுத்தினாராம், மற்ற பிள்ளைகளின் பாட்டையும் கெடுக்கிறாள் என்று. பெண் பார்க்க வந்தவர்கள், "தண்ணி வேணுங்களா" என்று அவள் கேட்ட ஒரு வார்த்தையோடு எழுந்து போனார்கள். தொண்டையில் என்ன நோய் என்று கேட்டுப் பிறகு ஆள் அனுப்பினார்கள். நோய் ஒன்றும் இல்லை. அது அவள் குரல், அவ்வளவுதான்.

பக்கத்துக் கடை செல்லப்பன் அண்ணனின் கேசட் கடை. எட்டாவதோடு படிப்பை நிறுத்திய எனக்கு அங்கே லேபிள் ஒட்டுகிற வேலை. நான் அதிகம் பேசமாட்டேன். அதனாலேயே என் எதிரில் எல்லோரும் எல்லாம் பேசுவார்கள்.

2002இல், இன்ஜினியரிங் படித்துக்கொண்டிருந்த ஆசிக், துபாயிலிருந்து வரும் அண்ணனின் போனுக்காக அந்தப் பூத்தில் காத்திருப்பான். அண்ணன் வாங்கி அனுப்பிய எலெக்ட்ரிக் கிடார் அவனிடம் இருந்தது. கூட்டாளி முருகையன் டிரம்ஸ் அடிப்பான். ஒருநாள் சிந்தாமணி கதவைத் திறந்து, "அங்கமுத்தண்ணே, போனு!" என்று கூப்பிட்டாள். பஸ் ஹாரன்களைத் தாண்டி அந்தக் குரல் எதிர்ப்பக்கத்து டீக்கடை வரை போனது. ஆசிக் எழுந்து நின்றுவிட்டான்.

"அக்கா, நீங்க பாடுவீங்களா?"

"நான் பாடக் கூடாதுன்னு காசு குடுத்தாலும் குடுப்பாங்க. போ தம்பி."

"நெசமாத்தான் கேக்குறேன்க்கா. எங்களுக்கு இந்தக் கொரலுதான் வேணும்."

ஆல்டர்நேட்டிவ் ராக் என்று அவர்கள் சொன்னார்கள். அப்படியென்றால் என்ன என்று கேட்டதற்கு, சினிமாப் பாட்டும் இல்லை, சாமிப் பாட்டும் இல்லை, நம் பேச்சையே எடுத்துக் கோபமாகப் பாடுவது என்றான் ஆசிக். கோபம் சிந்தாமணியிடம் நிறைய இருந்தது. பூத்துக்குள் ஜனங்கள் கத்துவதைக் கொண்டே அவள் ஒரு பாட்டு எழுதினாள்.

"கேக்குதா, கேக்குதா,
நான் பேசுறது கேக்குதா?
கேக்குதுன்னு சொன்னீங்க,
யாரு பேசுறான்னு கேக்கலியே!"

செல்லப்பன் அண்ணன் கடையின் பின்னறையில்தான் அவர்களுடைய முதல் ரெக்கார்டிங் நடந்தது. சாமிப் பாட்டுப் பதிவுசெய்கிற அறை அது, எதிரொலிக்காமல் இருக்கச் சுவரெல்லாம் முட்டை அட்டை. சத்தம் கேட்கும் என்று ஃபேனை நிறுத்தி, ஷட்டரையும் இறக்கினோம். வேர்வை வழிய வழிய அவள் பாடினாள். கிடாரின் கரகரப்புக்கு அடியில் அவள் குரல் ரோடு ரோலர் மாதிரி உருண்டு வந்தது. முடிந்ததும் ஹெட்போனை மாட்டிக்கொண்டு தன் பாட்டைக் கேட்டாள்.

"ஏய் புள்ள, இது நல்லாத்தான இருக்கு?" என்றாள் என்னிடம். தன் குரலை அவள் விரும்பிக் கேட்டதை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

மறுநாள் செல்லப்பன் அண்ணன் அந்தப் பையன்களை உட்காரவைத்து டேப்பைப் போட்டார்.

"ஆம்பள பாடுற மாதிரி இருக்குப்பா. லேபிள்ல சிந்தாமணின்னு போட்டா கடைக்காரன் சிரிப்பான்" என்றபடி, வேகம் கூட்டும் திருகைக் கடைசி வரை திருப்பினார். டேப் வேகமாக ஓடியது. குரல் மெலிந்து, இழுத்துக் கட்டிய கம்பி மாதிரி ஆனது. "இப்பத்தான் லேடீஸ் வாய்ஸ்!"

ஆசிக் சண்டை போடுவான் என்று நினைத்தேன். அவன் தலையை ஆட்டினான். "பாட்டும் ஸ்பீடாயிடுச்சுல்ல? நல்லாத்தான் இருக்கு." இந்தக் குரல்தான் வேண்டும் என்று எழுந்து நின்றவன் இவன்! முருகையன் தொடையில் தாளம் தட்டிக்கொண்டிருந்தான்.

"அது அக்கா கொரலு இல்லியே" என்றேன்.

"ஏ புள்ள, லேபிள ஒட்டுற வேலையப் பாரு."

நேராகப் பூத்துக்குப் போய்ச் சொன்னேன். அங்கே கூட்டம் கலைந்து நாங்கள் திரும்பி வருவதற்குள், வேகம் கூட்டியதை வேறு கேசட்டில் எடுத்துக்கொண்டு, அவள் பாடிய டேப்பை அழித்து மாரியம்மன் பாட்டை ஏற்றிக்கொண்டிருந்தார் அண்ணன்.

"என்னண்ணே, என் கொரலுக்குப் பவுடர் பூசி வுட்டீங்களா?"

"உன் நல்லதுக்குத்தாம்மா. கல்யாணம் ஆவாத பொண்ணு."

"மறுபடி பாடுறேன். இருக்குறபடியே எடுங்க."

"எதுக்குக்கா? கேட்ட எல்லாருக்கும் பிடிச்சிருக்கு" என்றான் ஆசிக், அவள் முகத்தைப் பார்க்காமல்.

"நான் பாடுனத யாருடா கேட்டது?"

மறுபடி எடுக்கவே இல்லை. கேசட் வெளியே வந்தது. சிந்தாமணி என்று அச்சடித்த லேபிளை ஒட்டமாட்டேன் என்றேன். அண்ணன் தானே உட்கார்ந்து ஒட்டினார். தொடர்புக்கு என்று அதில் போட்டிருந்தது பூத் நம்பர்.

சில வாரங்களில் திருச்சியிலிருந்து போன் வந்தது. ஏதோ காலேஜ் விழாவில் அவர்கள் பாட வேண்டுமாம். நான் பூத்து வாசலில்தான் நின்றேன்; ரிசீவரில் வந்த பேச்சு எனக்கும் கேட்டது.

"தம்பி, சிந்தாமணின்னு ஒரு பொண்ணு பாடுதே, அதக் கூப்பிடுங்க."

"நான்தாங்க."

"வெளாடாதப்பா."

சிந்தாமணி கண்ணை மூடிக்கொண்டு, "கேக்குதா, கேக்குதா" என்று போனிலேயே பாடினாள். பூத்துக் கண்ணாடி அதிர்ந்தது.

"நல்லாப் பாடுற தம்பி. சரி, அந்தப் பொண்ணக் கூப்பிடு."

அவள் ரிசீவரை வைத்தாள். சாயங்காலம் ஆசிக் வந்ததும், திருச்சியில் பாடக் கூப்பிட்டதைச் சொன்னாள். அவனுக்கு முகம் மலர்ந்துவிட்டது. "எப்பக்கா போறோம்?"

"நாம இல்ல, நீங்க. அவங்க கேக்குறது பொண்ண. அது செல்லப்பன் அண்ணன் கடையிலதான் இருக்கு, கூட்டிட்டுப் போ."

"அக்கா, நீங்க இல்லாம எப்படி…"

"நான் தம்பிடா" என்றாள். போன் அடித்தது. எடுத்து, இருக்கிற கனம் அத்தனையும் சேர்த்து, "ஹலோ" என்றாள்.

திருச்சிக்கு யாரும் போகவில்லை. அவர்கள் சேர்ந்து வேறு பாட்டும் செய்யவில்லை. அந்தப் பாட்டை மினி பஸ்ஸில் இன்னும் போடுகிறார்கள். என்ன குரல், தேன் மாதிரி என்று யாராவது சொன்னால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. அது சிந்தாமணி இல்லை. செல்லப்பன் அண்ணனின் விரல்.