எதிரணி அரசருக்கு ஒரு சட்டை

செவ்வாய்க்கிழமை காலை ரூட் 18 நெடுஞ்சாலையில் சிக்னலுக்காக நின்றுகொண்டிருந்தபோது தொலைபேசி ஒலித்தது. பேராசிரியர் தில்லைநாயகத்தின் மகள் மீனா. "அங்கிள், அப்பா போயிட்டாங்க. தூக்கத்துலயே" என்றாள். நான் என்ன சொன்னேன் என்று நினைவில்லை. பின்னால் இருந்தவர் ஹாரன் அடித்ததும் காரை ஒரு வங்கி வாசலில் ஒதுக்கி நிறுத்தினேன். அவள் இன்னும் பேசிக்கொண்டிருந்தாள்.

"இன்னொண்ணு, அங்கிள். ஃபியூனரல் ஹோம்ல அப்பாவுக்கு ட்ரெஸ் பண்ணணும். நீங்கதான் ஷர்ட் போட்டுவிடணும்னு அப்பா ரொம்ப நாளா சொல்லிட்டு இருந்தாங்க. ஏன்னு கேட்டா சிரிப்பாங்க. வருவீங்களா?"

"வரேம்மா" என்றேன். ஏன் என்று எனக்குத் தெரியும். அதைச் சொல்லத்தான் நம் தமிழ்ச் சங்கத்தார் எல்லோருக்கும் இதை எழுதுகிறேன்.

எழுத இன்னொரு காரணமும் உண்டு. அன்று மாலைக்குள் என் கைபேசிக்கு இரண்டு அறிவிப்புகள் வந்துவிட்டன. பழைய சங்கத்துக்காரர்கள் நூலகத்தில் ஓர் அஞ்சலிக் கூட்டம் போடுகிறார்கள். புதுச் சங்கத்துக்காரர்கள் கோயில் அரங்கில் இன்னொன்று. ஒரே ஞாயிறு, ஒரே நேரம். பிளந்த சங்கம் மறுபடி ஒன்றாகி இத்தனை வருடமாகியும் நமக்குள் இன்னும் பழசு, புதுசு போகவில்லை. அவர் கண்ணை மூடி முழுசாக ஒரு பகல்கூட ஆகவில்லை, அதற்குள் தொடங்கியாயிற்று. ஞாயிற்றுக்கிழமை இரண்டு கூட்டம் நடந்தால் அடுத்த பொங்கல் இரண்டு பொங்கலாகும், தமிழ்ப் பள்ளி மறுபடி இரண்டாகும். அவர் ஒட்டவைத்தது அவரோடேயே போய்விடும்.

தில்லைநாயகம் இங்கே கவுன்டி கல்லூரியில் ஐரோப்பிய வரலாறு நடத்தியவர். கடல் கடந்து வந்து இந்த ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் நாமெல்லாம் மருந்துக் கம்பெனியும் கம்ப்யூட்டருமாக அலைந்துகொண்டிருந்தபோது அவர் மட்டும் ஐந்நூறு வருடம் முன்னால் வாழ்ந்துகொண்டிருந்தார். சங்கத்தின் இலக்கிய மாலை ஒன்றில் அவரை முதன்முதலில் கேட்டேன். அப்போது சங்கம் ஒன்றுதான், அவர் தலைவர், நான் துணைத்தலைவர். பஜ்ஜி ஆறுகிறதே என்ற கவலையோடு உட்கார்ந்திருந்தேன்.

அவர் ஒரு கோடைகாலத்தைப் பற்றிப் பேசினார். பிரான்சின் வடக்கே ஒரு வெட்டவெளி. ஜென்மப் பகையாளிகளான இங்கிலாந்து அரசரும் பிரான்ஸ் அரசரும் அங்கே சந்திக்கிறார்கள். இருவரும் இளைஞர்கள், இருவருக்கும் தலைக்கனம். கூடாரங்களெல்லாம் தங்க இழையில் நெய்த துணி. ஆங்கிலேயர் மரத்தையும் கித்தானையும் வைத்து ஓர் அரண்மனையையே தற்காலிகமாக எழுப்பி அதற்குக் கண்ணாடி ஜன்னல் போட்டிருக்கிறார்கள். முன்னால் ஒரு நீரூற்று, அதில் கொட்டுவது திராட்சை மது. எந்தப் பக்கத்து ஆளும் உயரத்தில் நிற்பதாகத் தெரியக் கூடாது என்று மேட்டை வெட்டிப் பள்ளத்தை நிரவியிருக்கிறார்கள். தில்லைநாயகம் இதையெல்லாம் முந்தாநாள்தான் நேரில் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர் போலச் சொன்னார். யாரோ பகட்டு என்று சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை. "பகட்டுன்னு ஒதுக்கிடாதீங்க. கத்தியை உறையிலேயே வச்சிருக்கறதுக்கு மனுஷன் கண்டுபிடிச்ச வழி அது" என்றார். நான் வாயைப் பிளந்துகொண்டு கேட்டேன். பஜ்ஜி ஆறியே போயிற்று.

அப்படிப்பட்டவரோடுதான் நான் முறைத்துக்கொண்டேன். காரணம் உங்கள் எல்லோருக்கும் தெரியும், இருந்தாலும் புதியவர்களுக்காகச் சொல்கிறேன். சென்னையிலிருந்து வந்த சிறப்பு விருந்தினர் கையால் நிர்வாகிகளுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். எல்லோர் பெயரையும் கூப்பிட்டார்கள், என் பெயரைக் கூப்பிடவில்லை. தலைவர் பக்கத்தில் நின்றும் கவனிக்கவில்லை. ஒரு சால்வைக்கா இவ்வளவு என்று கேட்பவர்களுக்குச் சால்வை கிடைத்திருக்கிறது என்று அர்த்தம். பாதிக் குடும்பங்களோடு நான் வெளியே வந்தேன். புதுச் சங்கம் பிறந்தது. அதன் பிறகு இந்தியக் கடையில் அவரும் நானும் எதிர்ப்பட்டால் ஆளுக்கொரு முருங்கைக்காயை எடுத்து முறுக்கிப் பார்த்துக்கொண்டு நிற்போம்.

பிளவால் அடிபட்டது ஞாயிற்றுக்கிழமைத் தமிழ்ப் பள்ளிதான். ஒரு பள்ளி இரண்டானது. இரண்டிலும் பிள்ளைகள் குறைந்துகொண்டே வந்தார்கள். என் மனைவி வசந்தி எங்கள் பள்ளியில் ஆசிரியை. ஒருநாள் வகுப்பு முடிந்து வந்து கைப்பையைச் சோபாவில் எறிந்தாள். "நீங்க ரெண்டு பேரும் ராஜா மாதிரி சிம்மாசனத்துல உக்காந்துக்குங்க. நான் யாருக்குங்க அ, ஆ சொல்லித் தரது? டீச்சர்ஸெல்லாம் சேந்து சம்மரோட ரெண்டு ஸ்கூலையும் மூடப்போறோம்" என்றாள். மறுவாரமே பேச்சுவார்த்தைக்குச் சம்மதித்தேன்.

அந்தப் பேச்சுவார்த்தையைத் தில்லைநாயகம் நடத்திய விதம் இருக்கிறதே, அதை நினைத்தால் இன்றும் பிரமிப்பாக இருக்கிறது. இரண்டு சங்கமும் சேர்ந்து ஒரே பொங்கல் விழா. இடம், யாருக்கும் சொந்தமில்லாத உயர்நிலைப் பள்ளி அரங்கு. அவர் ஆட்கள் இடது வாசல், என் ஆட்கள் வலது வாசல். மேடையில் இரண்டு நாற்காலி. ஒத்திகைக்கு அவர் அளவு நாடாவோடு வந்து இரண்டு நாற்காலியின் உயரத்தையும் அளந்தார். எனக்குச் சிரிப்பு வந்தது. அவர் போனதும் நானே இரண்டிலும் உட்கார்ந்து பார்த்தேன். சமமாகத்தான் இருந்தன.

கடைசியில் சிக்கல் பொன்னாடையில்தான் வந்தது. தலைவர்கள் ஒருவருக்கொருவர் போர்த்த வேண்டும், ஆனால் யார் முதலில்? முதலில் அவர் எனக்குப் போர்த்தட்டும், பழைய கடன் அது, என்றார்கள் என் ஆட்கள். எங்கள் தலைவர் ஏன் இறங்கிப் போக வேண்டும் என்றார்கள் அவர் ஆட்கள். விழாவுக்கு முந்தின மாலை ஜூமில் ஒருவரையொருவர் மியூட் பண்ணிக்கொண்டு கலைந்தோம். விழா இல்லை என்றே நானும் வசந்தியும் முடிவுகட்டிவிட்டோம்.

மறுநாள் காலை வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. போவதா வேண்டாமா என்று தெரியாமலேயே மாடியில் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தேன். வாசல் மணி அடித்தது. கீழே வசந்தியின் குரல், "வாங்க சார், மேலதான் இருக்காங்க." படியேறி வந்து நின்றவர் தில்லைநாயகம். தலையெல்லாம் பனித்தூள். கூட யாருமில்லை. நான் பனியனோடு நிற்கிறேன்.

"உங்க கமிட்டிக்குத் தெரியுமா?" என்றேன்.

"தெரிஞ்சா விடுவாங்களா?"

மேசையிலிருந்த என் சட்டையை எடுத்து விரித்துப் பிடித்தார். "கையை நீட்டுங்க, ராமநாதன்."

எனக்கு ஒன்றும் ஓடவில்லை. கையை நீட்டிவிட்டேன். அவர் சட்டையை எனக்கு மாட்டிவிட்டுக்கொண்டே சொன்னார். "இத்தனை ஏற்பாட்டுக்கு நடுவுல ஒருநாள் காலையில பிரான்ஸ் ராஜா ரெண்டு மூணு பேரோட கிளம்பி, இங்கிலாந்து ராஜா தூங்கற அறைக்கே போயிட்டார். சொல்லாம கொள்ளாம. எதிரிப் பாளையத்துக்குள்ள. போய், அவருக்குச் சட்டையைத் தன் கையால எடுத்துக் குடுத்தார். பிடிச்சு வச்சிருந்தா அவ்வளவுதான், கதை முடிஞ்சிருக்கும். அத்தனை தங்கத் துணியாலயும் ஆகாதது அந்த ஒரு சட்டையால ஆச்சு."

"அப்புறம் அவங்க சண்டையே போடலையா?" என்று கேட்டேன். விடுவேனா.

"போட்டாங்க. கொஞ்ச வருஷத்துலயே" என்றார். காலரைச் சரிசெய்தார். "அதுக்காக அந்தக் காலை நடக்கலைன்னு ஆயிடுமா, ராமநாதன்?"

வசந்தி காபி கொண்டுவந்து வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு கீழே போனாள். ஒரே காரில் போனோம். அவர் காரில்தான். இரண்டு வாசலிலும் மாலையோடு நின்றவர்கள் நாங்கள் சேர்ந்து இறங்குவதைப் பார்த்துத் திகைத்துவிட்டார்கள். எந்த வாசல் என்ற பிரச்சினையே வேண்டாம் என்று சமையலறை வழியாக உள்ளே போனோம். மேடையில் யார் யாருக்கு முதலில் பொன்னாடை போர்த்தினோம் என்று இரண்டு அணிகளும் இன்றுவரை தர்க்கம் செய்கின்றன. சத்தியமாக எனக்கு நினைவில்லை. பள்ளி ஒன்றானது. வசந்தியின் வகுப்பில் இப்போது நாற்காலி போதவில்லை.

அதன் பிறகு நாங்கள் ஒட்டிப்பிறந்தவர்களாகிவிடவில்லை. சாப்பாட்டு மெனு முதல் ஒலிபெருக்கி வரை எல்லாவற்றுக்கும் மல்லுக்கு நின்றோம். கமிட்டியில் என்னை அவர் தோற்கடிக்கும் நாளில் மட்டும் அந்த அரசர்களின் மல்யுத்தக் கதையைச் சொல்வார். இங்கிலாந்து அரசர் வலியப் போய்க் குஸ்திக்குக் கூப்பிட்டு மல்லாக்க விழுந்தாராம். "இங்கிலீஷ்காரங்க ஊருக்குப் போய் அதை மட்டும் எழுதவே இல்ல" என்று குலுங்கிச் சிரிப்பார். நான் ஜெயிக்கும் நாளில் அவருக்கு அந்தக் கதை மறந்துவிடும்.

வியாழக்கிழமை ஃபியூனரல் ஹோமுக்குப் போனேன். மீனா வெள்ளைச் சட்டையைக் கையில் கொடுத்தாள். அங்கேயே ஓர் இஸ்திரிப் பெட்டி கேட்டு வாங்கி நானே அதைத் தேய்த்தேன். அங்கிருந்த ஊழியர் நல்ல மனிதர். சட்டையின் பின்பக்கத்தைக் கத்தரித்துக்கொண்டால் மாட்டுவது சுலபம் என்று பணிவாகச் சொன்னார். வேண்டாம் என்றேன். ஓர் அரசருக்குக் கத்தரித்த சட்டையைப் போடுவதா? ஊழியர் தோளைத் தாங்கிக்கொள்ள, நான் சட்டையை விரித்துப் பிடித்தேன். "கையை நீட்டுங்க, சார்" என்று என்னையறியாமல் வாயில் வந்துவிட்டது. அவ்வளவுதான், அழுதுவிட்டேன். கையை நான்தான் எடுத்து நுழைக்க வேண்டியிருந்தது. அது அவ்வளவு குளிர்ந்திருக்கும் என்று எதிர்பார்க்கவில்லை. பொத்தான்களை மீனாவும் நானுமாகப் போட்டோம். அப்போது அவளுக்கு அந்தக் காலையைப் பற்றிச் சொன்னேன். "தட்ஸ் ஸோ அப்பா" என்றாள்.

அவர் படித்ததில் நூறில் ஒன்றுகூட எனக்குத் தெரியாது. அவர் குரல் எனக்கு வராது. அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது ஒன்றே ஒன்றுதான்: பனியில் தனியாக வண்டி ஓட்டிக்கொண்டு எதிராளியின் மாடிப்படி ஏறிய அந்தத் துணிச்சல். அதை வைத்துக்கொண்டு என்ன செய்யப்போகிறேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நூலகத்துக் கூட்டத்தை ஏற்பாடு செய்திருப்பவர் பழைய சங்கத்துச் செயலாளர் பழனி. கோயில் அரங்குக் கூட்டம் என் ஆட்களுடையது. பழனி, சனிக்கிழமை காலை உங்கள் வீட்டு மணி அடிக்கும். நான் மட்டும்தான் நிற்பேன், என் கமிட்டிக்குச் சொல்லவில்லை. நீங்கள் பனியனோடு இருந்தாலும் பரவாயில்லை, கதவைத் திறங்கள்.