பன்னிரண்டு படிகள்

போன செவ்வாய்க்கிழமை, டென்மார்க்கில் எங்கள் ஊரான கோல்டிங் நூலகத்தில் ஓர் ஈரானியத் தம்பி மேல் எனக்குக் கோபம் வந்துவிட்டது. காஃபிக் கோப்பை குலுங்க மேசையில் தட்டுகிற அளவுக்குக் கோபம்!

ஆள் நிஜ ஆள் இல்லை. நாவலில் வருகிறவன்.

நூலகத்தில் மாதம் ஒருமுறை வாசகர் வட்டம் கூடும். ஓய்வு பெற்ற டேனிஷ்காரர் எட்டு ஒன்பது பேர், ஒரு கேக், நடுவில் நானும் மனைவியும். நான் கேக்குக்காகப் போகிறேன் என்பது மனைவியின் கட்சி. இம்முறை ஓர் ஈரானியப் பெண் எழுத்தாளரின் நாவல், டேனிஷ் மொழிபெயர்ப்பு. மனைவி இரண்டு பிரதி எடுத்து வந்தாள். ஒன்று வீட்டுக்கு. மற்றது ஒரு சிநேகிதிக்காம். எந்தச் சிநேகிதி? நான் கேட்கவில்லை... கேட்டிருக்க வேண்டும்.

கதை இதுதான். தெஹ்ரானில் ஒரே வீட்டில் அண்ணன் மேலே, தம்பி கீழே. ஆட்சி கவிழ்கிறது. அண்ணன் ஒரு பக்கம், தம்பி மறுபக்கம். நாவலில் புரட்சிக்கு மொத்தமே நாலு பக்கம்தான். மிச்சமெல்லாம் சாப்பாட்டு மேசையிலிருந்து யார் கோபித்துக்கொண்டு எழும்பிப் போனார் என்பதுதான். பிறகு வருடக்கணக்காகப் பேச்சில்லை. நடுவில் இருப்பது பன்னிரண்டு படிகள்.

கடைசிப் பக்கத்தில் தம்பி ஒரு சூப் சட்டியோடு ஏறுகிறான். பதினோராவது படியில் நிற்கிறான். அவ்வளவுதான், நாவல் முடிந்தது!

"இவ்வளவு பக்கத்தில் இருந்துகொண்டு ஏன் பேசவில்லை? எனக்கு விளங்கவே இல்லை" என்றார் கிர்ஸ்டன் என்ற முன்னாள் ஆசிரியை.

நான் விளங்கப்படுத்தினேன். அரசியல் வீட்டுக்குள் வந்தால் எப்படி இருக்கும், நாங்கள் யாழ்ப்பாணத்தில் பார்க்காததா... கடைசியில் மேசையில் தட்டி, "என்ன வீம்பு இது? பன்னிரண்டு படி ஏற ஒரு மனுசனுக்கு இத்தனை வருசமா?" என்றேன்.

பக்கத்தில் மனைவிக்குப் புரையேறியது. கேக்காக இருக்கும் என்று நினைத்தேன்.

காரில் ஏறிக் கதவைச் சாத்தியதும் ஆரம்பித்தாள்.

"இஞ்சேருங்கோ, எங்கடை வீட்டிலையிருந்து உங்கடை அண்ணை வீடு எத்தினை நிமிசம்?"

"ஏன்... காரிலை ஆறு நிமிசம்."

"அங்கை படி இருக்கோ?"

"இல்லை."

"அப்ப என்ன கோதாரிக்கு அந்த ஈரான் பெடியனைப் பேசினனீங்கள்?"

வாசகர்களே, உங்களிடம் மறைப்பானேன்? ஊரில் பல இயக்கங்கள் இருந்த காலத்தில் அண்ணை ஒன்றுக்காகக் கதைத்தார், நான் இன்னொன்றுக்காக. டென்மார்க் வந்தும் விட்டோமா? ஒரு பிறந்தநாள் கொண்டாட்டத்தில், கையில் பாதி கடித்த ரோல்ஸோடு, "உங்கடை ஆக்களாலைதான் எல்லாம் அழிஞ்சது" என்றார் அவர். நானும் சும்மா இருக்கவில்லை. அன்றோடு பேச்சு நின்றது. பதினாலு வருடம். அவருடைய இயக்கமும் இல்லை, என்னுடையதும் இல்லை. சண்டையை மட்டும் இருவரும் பத்திரமாக வைத்திருந்தோம்.

இப்போது என் மகளுக்குக் கல்யாணம். அவளுக்குச் சைக்கிள் பழக்கியவர் அவளுடைய பெரியப்பா. "பெரியப்பா இல்லாமல் நான் எப்படி மணவறையில் இருப்பேன்?" என்று டேனிஷில் கேட்டுவிட்டு அழுதாள். எங்கள் ஆட்களிடம் கல்யாணம் சொல்வதென்றால் புருஷன் பெண்சாதியாக நேரில் போய், கையில் கார்டைக் கொடுத்து வாய்விட்டு அழைக்க வேண்டும். நான் என்ன செய்தேன் தெரியுமா? அண்ணை வேலைக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து, வாசல் தபால் பெட்டிக்குள் கார்டைப் போட்டுவிட்டு ஓடி வந்துவிட்டேன். டேனிஷ்காரருக்கு அது அழைப்பு. எங்களுக்கு அது, வராதே என்று சொல்வது.

இது மனைவிக்கும் தெரியும். வீட்டுப் பக்கம் திரும்பப் போன என்னிடம், "நேரை விடுங்கோ" என்றாள். கைப்பையில் இன்னொரு கார்ட் தயாராக இருந்தது!

மணியை அவள்தான் அடித்தாள். அண்ணை கதவைத் திறந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது. எனக்குத் தெரியாமலே நரைத்திருக்கிறது... மனைவியிடமிருந்து கார்டை வாங்கி நானே நீட்டினேன்.

"பிள்ளைக்குக் கலியாணம். நீங்கள் வரவேணும், அண்ணை."

"பெட்டிக்குள்ளை ஒண்டு கிடந்தது. பீட்சாக் கடை நோட்டீசோடை."

"அதை எறிஞ்சுபோடுங்கோ."

கார்டை வாங்க அவருக்குக் கை ஒழியவில்லை. வலது கையில் அதே நூலகப் புத்தகம், பாதியில் விரலை வைத்து மூடியபடி. பின்னால் நின்ற அண்ணி என் மனைவியைப் பார்த்துச் சிரித்தார். சிநேகிதியாம் சிநேகிதி!

புத்தகத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, இரண்டு கையாலும் கார்டை வாங்கினார் அண்ணை. பெயர்களை வாசித்தார். கண்ணைத் துடைத்தார்.

"உள்ளுக்கை வா. அது சரி, நீ இதை வாசிச்சு முடிச்சிட்டியாமே? அந்தத் தம்பிக்காரன் கடைசியிலை மேலை ஏறுறானோ?"

அவனைப் பதினோராவது படியில் நிறுத்திவிட்டுப் போன அந்த எழுத்தாளர் என்னை மன்னிப்பாராக.

"ஏறிட்டான், அண்ணை."