படகுக்கும் ஒரு பங்கு

இந்த ஊரில் தப்பு விடைக்கும் சிரிக்கிற முகம் ஒட்டி அனுப்புகிறார்கள். எங்கள் தண்டையார்பேட்டைப் பள்ளிக்கூடத்தில் தப்பாகப் போட்டால் முட்டி போட வேண்டும், குழப்பமே கிடையாது. வின்னிபெக் வந்து மூன்று வருஷமாகியும், என் மகள் ஜெனி கொண்டுவரும் தாளைப் பார்த்து சந்தோஷப்படுவதா, தலையில் அடித்துக்கொள்வதா என்று எனக்கு விளங்குவதில்லை. போன மாதம் வந்த பின்னக் கணக்குத் தாளில் பத்து கணக்கு, பத்து சிரிப்பு; ஐந்துதான் சரி. ஆறு வராததால் திங்கட்கிழமையிலிருந்து கணக்கு நேரத்தில் தனி அறை என்று கீழே குறிப்பு. அதற்கும் ஒரு சிரிப்பு.

ஜெனி நாலாம் வகுப்பு. இங்கே அவளுக்கு வாய்த்தது ஒரே தோழி, பக்கத்து சீட்டுக்காரி. தனி அறை என்றதும் பிள்ளை சாப்பிடவே இல்லை. அந்த ஆறாவது மார்க்கைக் கெடுத்தவள் நான்தான்.

கணக்கு இதுதான்: நாலு நண்பர்கள் படகில் போய் இருபது மீன் பிடித்தார்கள். சமமாகப் பிரித்தால் ஒருவருக்கு மொத்தத்தில் எந்தப் பின்னம்? ஜெனி ஐந்தில் ஒன்று, அதாவது நாலு மீன் என்று எழுதியிருந்தாள். பரீட்சைக்கு முந்தின சாயந்திரம் இதே மாதிரிக் கணக்கைக் கொண்டைக்கடலை வைத்துச் சொல்லிக்கொடுத்து, ஆளுங்களை எண்ணிவிட்டு போட்டை, அதான் படகை, மறந்துவிடாதே என்று பெரிய மேதை மாதிரி சொல்லியிருந்தேன்.

நான் என்ன செய்ய? எங்க நைனா காசிமேட்டில் ஃபைபர் போட்டில் கடலுக்குப் போனவர். கரையில் மீனைக் கூறு வைக்கும்போது ஆளுக்கு ஒரு கூறு, போட்டுக்கு ஒரு கூறு. போட்டின் கூறு போட்டுக்காரர் வீட்டுக்குப் போகும். டீசலும் ரிப்பேரும் அவர் பாடு. சின்ன வயதில் ஒருநாள் நானே பிரிக்கிறேன் என்று உட்கார்ந்து, ஆட்களை மட்டும் எண்ணிப் பிரித்துவிட்டேன்.

"போட்டு இன்னா, சும்மாவா இட்டுகினு போச்சு?" என்றார் நைனா. கரையே சிரித்தது. அதற்கப்புறம் நான் போட்டை மறந்ததே இல்லை.

மறுநாள் ஜெனியைக் கூட்டிக்கொண்டு டீச்சரைப் பார்க்கப் போனேன். கடலிலிருந்து நூற்றுக்கணக்கான மைலுக்கு அப்பால் பிறந்து வளர்ந்தவர். பாதி இங்கிலீஷிலும் பாதி கையாலும், படகுக்கும் ஒரு பங்கு உண்டு என்று விளக்கினேன். அவர் முகம் பயபக்தியாகிவிட்டது. குரலைத் தாழ்த்தி, அது உங்கள் மதச் சடங்கா என்று விசாரித்தார்.

"இல்ல மிஸ், டீசல்" என்றேன்.

விளங்கியதும் வாய்விட்டுச் சிரித்தார். ஆனால் மார்க்கை அப்படியே தூக்கிக் கொடுத்துவிடவில்லை; அதுவும் நியாயம்தான். இந்தக் கேள்விக்கு என்ன விடை, ஏன் என்று ஜெனியே சொல்லட்டும் என்றார். ஜெனி என்னை ஒருமுறை பார்த்தாள். பிறகு அவர் பக்கம் திரும்பி, கேள்வியில் பங்கு கேட்பவர்கள் நாலு பேர்தான், படகு கேட்கவில்லை, அதனால் நாலில் ஒன்று, ஐந்து மீன் என்று இங்கிலீஷில் கடகடவென்று சொன்னாள். காசிமேட்டில் இதைச் சொன்னால் அடிக்க வருவார்கள். டீச்சர் ஆறு மார்க் போட்டார்.

வெளியே வந்ததும், "அம்மா, இனிமே கணக்கு நானே போட்டுக்கறேன்" என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை. எனக்குச் சுருக்கென்றது. பிள்ளை தனி அறையிலிருந்து தப்பித்தாள் என்று சந்தோஷம். என்னிடமிருந்தும் தப்பித்துவிட்டாளே என்று வருத்தம்.

ரோட்டைத் தாண்ட நின்றோம். நான் நம்ம ஊர்ப் பழக்க தோஷத்தில் வலது பக்கம் பார்த்து, வண்டி இல்லை என்று காலை எடுத்து வைத்தேன். இடது பக்கம் பார்த்துக்கொண்டிருந்த ஜெனி என் கோட்டைப் பிடித்துப் பின்னால் இழுத்தாள். இந்த ஊர் வழக்கப்படி இடது பக்கமிருந்து ஒரு லாரி வந்து போனது. அப்புறம் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அவள் ஒரு பக்கமும் நான் ஒரு பக்கமும் பார்த்தபடி தாண்டினோம்.