ஆலந்தலையில் எனக்கு நுரை தள்ளியது

துறைமுக அலுவலகத்தில் இருபது வருஷமாக உட்கார்ந்தே வேலை பார்க்கும் நான், தூத்துக்குடியிலிருந்து கன்னியாகுமரிக்குச் சைக்கிளில் போகப்போகிறேன் என்றதும் மனைவி சிரிக்கக்கூட இல்லை. திருச்செந்தூரோடு சரி, அங்கிருந்து லோடு ஆட்டோவில் சைக்கிளை ஏற்றிக்கொண்டு மில்லர்புரம் வீட்டுக்கே வந்துவிடுவீர்கள் என்றாள். அன்றிலிருந்து கன்னியாகுமரி எனக்கு மானப் பிரச்சினை.

ஒரு மாதம் செல்போனில் வைட்டமின் படித்தேன். வியர்வையில் பி போய்விடும் என்றார் ஒருவர். அதெல்லாம் போகாது, ஒழுங்காகச் சாப்பிட்டாலே போதும் என்றார் இன்னொருவர். டி வெயிலிலேயே கிடைக்குமாம். எங்கள் ஊர் வெயிலுக்கு நான் மருந்துக்கடையே வைக்கலாம். சி-க்கு மச்சான் சவுதியிலிருந்து கொண்டுவந்த டப்பா இருந்தது. ஒவ்வொரு மாத்திரையும் பத்து ரூபாய் நாணயம் அளவு. பெரிய மாத்திரை, பெரிய சத்து என்று நினைத்துக்கொண்டேன்.

எட்டுப் பேர் கிளம்பினோம். தலைவர் நாசரேத்துக்காரர், ஓய்வுபெற்ற பி.டி. வாத்தியார். திருச்செந்தூரைத் தாண்டிவிட்டேன் என்று சந்தோஷப்பட்டு முடிப்பதற்குள், ஆலந்தலை பக்கம் தொடை இரண்டும் இறுகிவிட்டன. யாருக்கும் தெரியாமல் பின்தங்கி, ஒரு மாத்திரையை வாயில் போட்டுக் கடித்துத் தண்ணீர் ஊற்றினேன்.

வாய் பொங்கியது. மூக்கு வழியாகவும் ஆரஞ்சு நுரை வந்தது. இருமிக்கொண்டே சாலையோரம் சரிந்தேன். மீன் கூடையோடு நின்ற ஓர் அம்மா, வலிப்பு என்று சத்தம் போட்டு, என் கையில் சாவிக்கொத்தைத் திணித்து இறுக்கிப் பிடித்துக்கொண்டார். கையில் இரும்பு இருந்தால் வலிப்பு நிற்கும் என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. பாழாய்ப்போன நுரையும் அப்போதுதான் அடங்கியது.

எல்லாரும் திரும்பி வந்துவிட்டார்கள். வலிப்பெல்லாம் இல்லை, மாத்திரைதான் என்றேன்.

"வலிப்பு வந்தவனுக்கு வலிப்பு வந்தது தெரியாதுவே," என்றார் வாத்தியார்.

லோடு ஆட்டோ பிடிக்க ஆள் அனுப்பினார். அதைக் கேட்டதும் எனக்கு அழுகையே வந்துவிட்டது. டப்பாவை நீட்டினேன். எழுத்தெல்லாம் அரபி. கடைசியில் அவர் என் மனைவிக்குப் போன் போட்டு, ஸ்பீக்கரில் விஷயத்தைச் சொன்னார்.

"அண்ணாச்சி, அது வலிப்பு இல்ல. தண்ணியில கரைச்சுக் குடிக்கிறத அப்படியே வாயில போட்டிருப்பாவ. டப்பாவுல டம்ளர் படம் போட்டிருக்கு. அவிய எதையும் பாக்க மாட்டாவ. நீங்க பயப்படாம கூட்டிட்டுப் போங்க."

சுற்றி நின்றவர்களும் மீன்காரம்மாவும் கேட்டார்கள். வாத்தியார் டப்பாவைத் திருப்பிப் பார்த்தார். டம்ளர் இருந்தது. என் சைக்கிளை நிமிர்த்திக் கொடுத்தார்.

மறுநாள் சாயங்காலம் கன்னியாகுமரியிலிருந்து அவளைக் கூப்பிட்டேன். வந்து சேர்ந்துவிட்டேன் என்பதைப் பெருமையாகச் சொல்வதா, நன்றியோடு சொல்வதா என்று விளங்காமல், சாப்பிட்டியா என்று கேட்டேன்.